நெர்மின் ஹானிமின் சொந்தக் குரல்

எங்கள் அறக்கட்டளையின் விதிக்கோவையில் பதினொன்றாம் விதி, இரண்டாம் பிரிவு இப்படிப் போகிறது: “ஓய்வுபெற்ற கலைஞர் இல்லத்தில் இடம் கோருபவர், மேடையில், வானொலியில் அல்லது திரையில், பேசும் பாத்திரம் ஒன்றைத் தம் சொந்தக் குரலில் ஏற்று நடித்தவராக இருத்தல் வேண்டும்.”

அழகான விதி. படித்தவுடன் விளங்கும். விளங்குகிற விதிகள்தான் ஆபத்தானவை. விளங்காத விதியை யாரும் தொடமாட்டார்கள், அது கோவைக்குள் நிம்மதியாகக் கிடக்கும். விளங்குகிற விதியை எடுத்து ஆளுக்கு ஆள் வீசுவார்கள்.

இதை எழுதியவர் இல்லத்தை நிறுவிய அம்மையார். வானொலி நாடகங்களில் கொடிகட்டிப் பறந்தவர். மேடையில் ஈட்டியைப் பிடித்துக்கொண்டு பின்வரிசையில் நின்றவர்களெல்லாம் முதுமையில் தன் இல்லத்துக்கு வந்து, காலைச் சாப்பாட்டு மேசையில் நடிப்புக் கலையைப் பற்றிப் பேசக்கூடாது என்பது அவருடைய கவலை. நியாயமான கவலைதான். ஆனால், நாட்டுக்கு நாடு படம் எடுக்கும் முறை மாறும் என்பது அவருக்குத் தோன்றவில்லை. தோன்றியிருந்தால் எனக்கு வேலை குறைந்திருக்கும்.

நான் அந்த அறக்கட்டளையின் சிட்னி அலுவலகத்தில் விண்ணப்பங்களைப் பரிசீலிக்கும் அலுவலராக இருந்து ஓய்வுபெற்றவள். பெயர் யோகராணி. அலுவலகத்தில் யோகி. என்னுடைய கதிரையில் இப்போது இருப்பவள் திவ்யா, கோயம்புத்தூர்ப் பெண், கெட்டிக்காரி. வந்த வேகத்தில் கோப்புகளையெல்லாம் கணினிக்குள் ஏற்றிவிட்டாள். போன மாதம் அவளிடமிருந்து அழைப்பு.

“ஆன்ட்டி, ஒரு டவுட். நெர்மின்னு ஒரு ஃபைல். மத்ததெல்லாம் க்ளோஸ் ஆயிடுச்சு, இது மட்டும் பெண்டிங்னு காட்டுது. நான் ஆஸ்திரேலியா வர்றதுக்கு முன்னாடியே பெண்டிங். மெல்பர்ன்ல இருந்து ஏன் இன்னும் பதில் வரல?”

“வராமல் பார்த்துக்கொண்டதால வரேல்லை” என்றேன்.

“புரியல ஆன்ட்டி.”

“விளங்கப்படுத்துறன். எழுதித் தாறன், பொறும்.”

எழுதத் தொடங்கினால் திவ்யாவுக்கு மட்டும் போதாத அளவு நீண்டுவிட்டது. ஆகவே எல்லோருக்குமாக.

என் பயிற்சிக் காலத்தை நாலு வரியில் முடித்துவிடலாம். யாழ்ப்பாணத்தில் பள்ளிக்கூடம், பேராதனையில் பட்டம், பிறகு சண்டை, பிறகு சிட்னி. இங்கே வந்து ஒரு ஆஸ்பத்திரியின் சலவைப் பகுதியில் படுக்கை விரிப்பு மடித்தேன். பொருளியல் பட்டதாரி மடித்த விரிப்பு என்று நோயாளிகளுக்குத் தெரிந்திருக்க நியாயமில்லை. பிறகு தட்டச்சு, பிறகு தற்காலிக எழுதுவினைஞர், பிறகு அறக்கட்டளை. முதல் நாள் விதிக்கோவையை என் கையில் தந்து மேலதிகாரி சொன்னது இவ்வளவுதான்: “படியுங்கள். சந்தேகம் வந்தால் திரும்பவும் படியுங்கள்.”

அந்த மேலதிகாரியின் பெயர் கிளைவ். அறக்கட்டளையின் செயலாளர். அதற்கு முன் நாடகக் கம்பனிகளில் மேடை நிர்வாகியாக இருந்தவர். திரை எப்போது தூக்குவது, விளக்கு எப்போது அணைப்பது, வசனம் மறந்த நடிகருக்கு ஓரத்திலிருந்து எப்போது எடுத்துக் கொடுப்பது என்று வாழ்நாளெல்லாம் இருட்டில் நின்று கட்டளையிட்டவர். அந்தப் பழக்கம் அலுவலகத்திலும் விடவில்லை. குழுக் கூட்டம் நடக்கும் அறையில் ஒவ்வொரு கதிரையின் காலுக்கும் தரையில் வெள்ளை நாடா ஒட்டி வைத்திருந்தார். கூட்டத்துக்குச் சற்று முன் நடைபாதையில் நடந்தபடி “ஐந்து நிமிடம், எல்லோருக்கும் ஐந்து நிமிடம்” என்று குரல் கொடுப்பார். அப்போது நடைபாதையில் நான் ஒருத்திதான் நிற்பேன். “நன்றி, ஐந்து” என்று திருப்பிச் சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் மறுபடியும் வருவார்.

கோப்புகளை நின்றுகொண்டுதான் படிப்பார். “இல்லை” என்ற சொல்லை நான் அவர் வாயிலிருந்து கேட்டதில்லை. மூக்கால் ஒரு “ம்ம்” வரும். சின்ன ம்ம் என்றால் சரி. நீண்ட ம்ம் என்றால் விதியைத் திரும்பவும் பார். ம்ம் வராமலே கோப்பு மேசைக்குத் திரும்பினால் விண்ணப்பதாரருக்கு வருத்தக் கடிதம் எழுதத் தொடங்கலாம். சினிமா அவருக்கு ஆகாது. வசனத்தை மனப்பாடம் செய்ய முடியாதவர்களுக்காகக் கண்டுபிடித்த கலை என்பார்.

பதினொன்றாம் விதி எங்களை முதலில் சோதித்தது, பொம்மையை மடியில் வைத்துப் பேசவைக்கும் ஒரு கலைஞரின் விண்ணப்பத்தில்தான். பேசியது அவர் அல்ல, பொம்மை என்று குழுவில் ஒருவர் வாதாடினார். அப்படியானால் இடத்தைப் பொம்மைக்குத்தான் கொடுக்க வேண்டும் என்று கிளைவ் பணிவாகச் சொன்னதும் அந்த வாதம் படுத்துவிட்டது. பிறகு ஒரு மௌன நாடகக் கலைஞர். வாழ்நாளில் மேடையில் வாயே திறக்காதவர். விதி விதிதான், மறுத்தோம். அவர் நேரில் வந்து என் மேசைக்கு முன்னால் நின்று, கண்ணாடிக் கூண்டுக்குள் அகப்பட்டவர் மாதிரிக் காற்றைத் தடவித் தடவிக் காட்டினார். மிக நன்றாகச் செய்தார். ஆனாலும் பேசவில்லை.

இப்படி வாய் அசையாமல் குரல் வந்தவரை ஏற்றுக்கொண்டு, குரலும் வராமல் வாயும் அசையாதவரை மறுத்து, இனி எங்களுக்குத் தெரியாத வகை இல்லை என்று நாங்கள் இருந்தபோதுதான் நெர்மின் ஹானிம் வந்தார். ஹானிம் என்பது துருக்கியில் பெண்களை மரியாதையாக விளிப்பது, நம்முடைய அம்மா மாதிரி.

சிட்னியின் ஓபர்ன் பகுதியில் ஒரு பழைய அடுக்குமாடி வீட்டில் தனியாக இருந்தார். கணவர் சிட்னிக்குத் தொழிற்சாலை வேலைக்கென்று வந்தவர், காலமாகிவிட்டார். அந்தக் கட்டடத்தை இடிக்கப் போகிறார்கள். மெல்பேர்ணில் இருக்கும் மகன் ஜெம், தாயைத் தன்னுடன் கூட்டிப் போகத் தயாராக நின்றான். தாய் தயாரில்லை. பக்கத்து லிட்கமில் இருக்கும் எங்கள் இல்லத்தில், ஒரு சின்ன நாடகக் கூடமும் பழைய நடிகர்களும் இருப்பதாக யாரோ சொல்லி, விண்ணப்பத்தோடு வந்திருந்தார். உதட்டுச் சாயம், முத்துத் தோடு, மழைக்கோட்டு. வெளியே நல்ல வெயில்.

இருவருக்கும் பொதுவாக இருந்தது இரண்டு வகைக் குடியேறிகளின் ஆங்கிலம். இங்கே அதை என் தமிழில் தருகிறேன்.

“மகனோட போயிருக்கலாமே?” என்று கேட்டேன். கேட்க வேண்டும், அது நடைமுறை.

“மகன் நல்லவன். மருமகளும் நல்லவள்தான். மூன்று பேரப்பிள்ளைகள். கதை முழுக்க அவையின்ரது. நான் அதில தேத்தண்ணித் தட்டோட வந்து, வைச்சிட்டுப் போற ஆள். பிள்ளை, அந்த வேஷத்தை நான் ஐம்பது படத்தில செய்திட்டன். வீட்டிலயும் செய்ய ஏலாது.”

எனக்கு அந்த இடத்திலேயே அவரைப் பிடித்துவிட்டது. பிடித்துவிட்டது என்பது விதிக்கோவையில் எங்கும் இல்லை. ஆகவே பேனாவை எடுத்து, “உங்களுடைய கலை வாழ்க்கையைச் சொல்லுங்கோ” என்றேன்.

இஸ்தான்புல்லில் ஒரு படப்பிடிப்புக் கூடத்தில் தையல் உதவியாளராகத் தொடங்கியிருக்கிறார். தாதி வேஷத்துக்கு ஒரு நடிகையின் அளவுக்குச் சட்டை தைத்தார்கள். அந்த நடிகை காய்ச்சலில் படுத்துவிட்டாள். சட்டையைப் பிரித்துத் தைக்க நேரமில்லை. ஆகவே சட்டைக்குப் பொருந்துகிற ஆளைத் தேடினார்கள். சட்டையோடு ஓடிவந்த நெர்மினுக்கே அது பொருந்தியது. அன்றிலிருந்து துருக்கிப் படங்களில் யார் நோயாகப் படுத்தாலும் பக்கத்தில் நெர்மின் நின்றார்.

பிறகு வேலைக்காரி, பக்கத்து வீட்டு யன்னலால் எட்டிப் பார்க்கும் பெண், இருமி இருமி இடைவேளைக்கு முன் செத்துப்போகும் நாயகனின் தங்கை. மயங்கி விழுவதில் அவருக்குத் தனிப் பெயர் இருந்தது. கையிலுள்ள தட்டில் ஒரு கண்ணாடிக் குவளைகூடச் சாயாமல் விழுவாராம். பாட்டு ஒன்றும் தரவில்லை. சுவரொட்டியில் ஒரே ஒரு முறை வந்தார், அதுவும் முழங்கை மட்டும். “நல்ல முழங்கை” என்றார், சட்டைக் கையை மடித்துக் காட்டி.

“எல்லாம் பேசும் பாத்திரங்களோ?”

“ஓம். ஓயாமல் பேசுவன்.”

“உங்கட சொந்தக் குரலில?”

முதல் முறையாக அவர் என்னை ஒரு மாதிரிப் பார்த்தார். “சொந்தக் குரலோ? அதை எதுக்குப் பாவிக்கிறது?”

அங்கே அந்தக் காலத்தில் படம் பிடிக்கும்போது ஒலியைப் பதிவதில்லை. கமராவுக்குப் பக்கத்தில் ஒருவர் வசனத்தாளோடு நிற்பார். சுஃப்லோர் என்பார்கள். அவர் வசனத்தை உரக்க, உணர்ச்சி ஒன்றும் இல்லாமல், சந்தையில் விலை சொல்கிற மாதிரிச் சொல்லுவார். நடிகர்கள் அதைக் கேட்ட கணமே முகத்தில் உணர்ச்சியோடு திருப்பிச் சொல்ல வேண்டும். மனப்பாடம் கிடையாது, யோசிப்பதும் கிடையாது. யோசித்தால் பிலிம் வீணாகும். பிறகு வேறொரு கூடத்தில் குரல் கொடுப்பவர்கள் இருந்து, எல்லோருக்கும் பேசிவிடுவார்கள். நெர்மினுக்கு வாய்த்த குரல்காரி, நாயகிகளுக்கும் குரல் கொடுப்பவள்.

“ஒரு படத்தில நானும் நாயகியும் பெரிய சண்டை. இரண்டு குரலும் அவளின்ரதுதான். தன்னோட தானே சண்டை பிடிச்சு, தன்னையே அழ வைச்சிட்டுக் காசை வாங்கிக்கொண்டு போட்டாள். தியேட்டரில இருந்து கேட்டன். நான்தான் தோத்தன்.”

கிளைவிடம் போனேன். வாய் மட்டும் அசைந்து குரல் வேறொருவருடையதாக இருந்தால் விதி என்ன சொல்கிறது என்று கேட்டேன். நீண்ட ம்ம் வந்தது.

“இப்படி ஒரு முறை உலகத்தில் இருக்கிறதா?”

“இருக்கு, கிளைவ். எங்கட தமிழ்ப் படங்களிலயும் நாயகிக்கு வேற ஆள்தான் பேசுறது. நாங்கள் அதைப் பார்த்து அழுது வளர்ந்தனாங்கள்.”

அவர் கோப்பை மூடினார். சினிமாவைப் பற்றிய தன்னுடைய வாழ்நாள் சந்தேகம் உறுதியான மனிதரின் முகம்.

ஆனால் கோப்பு மேசைக்குத் திரும்பி வரவில்லை. கையிலேயே வைத்துக்கொண்டு, “இருபத்தோராம் விதி” என்றார்.

இருபத்தோராம் விதி, கேட்டறியும் விதி. யுத்தத்திலோ தீயிலோ சான்றுகளை இழந்த கலைஞர், குழுவின் முன் தன் பாத்திரத்தை நடித்துக்காட்டலாம் என்று சொல்வது. நெர்மின் ஹானிமின் சான்றுகள் தீப்பிடிக்கவில்லை. அவருடைய குரல் பதியப்படவே இல்லை. பதியப்படாதது இழப்பில் சேருமா என்று கிளைவ் என்னைக் கேட்டார். சேரும் என்று அரைப் பக்கத்தில் எழுதிக் கொடுத்தேன். என் உத்தியோக வாழ்க்கையில் நான் எழுதிய மிக நல்ல அரைப் பக்கம் அது. சின்ன ம்ம் வந்தது.

ஏற்பாடு இதுதான். அவர் நடித்த படத்தின் ஒரு காட்சியைத் தொலைக்காட்சியில் ஒலி இல்லாமல் போடுவது. நெர்மின் பக்கத்தில் நின்று தன் உதட்டுக்குத் தானே குரல் கொடுப்பது. கண் தெரியாத நாயகியிடம், அவளுடைய காதலன் கப்பலேறிப் போய்விட்டான் என்று வேலைக்காரி சொல்லும் காட்சியைத் தெரிந்தெடுத்தார். “இதில நான் கனக்கக் கதைப்பன். அவளுக்குக் கண் தெரியாதபடியால் எல்லாத்தையும் சொல்ல வேணும்” என்றார்.

ஒரே ஒரு நிபந்தனை. அவருக்குச் சுஃப்லோர் வேண்டும்.

“உங்களுக்கு வசனம் பாடம் இல்லையோ?”

“எனக்கு ஒரு வசனமும் ஒரு நாளும் பாடமாய் இருந்ததில்லை. காதால வரும், வாயால போகும். இடையில ஒண்டும் நிக்காது.”

துருக்கி தெரிந்த ஒருவரை அமர்த்தலாம் என்றால், கேட்டறியும்போது உதவிக்கு நிற்பவர் அறக்கட்டளை ஊழியராக இருக்க வேண்டும் என்று அதே விதியின் கடைசி வரி சொல்கிறது. ஊழியர் என்றால் கிளைவும் நானும். கிளைவ் கூட்டத்தை நடத்த வேண்டும். ஆகவே நெர்மினின் அயல்வீட்டுத் துருக்கிப் பெண் படத்தைப் போட்டுப் போட்டு வசனத்தைச் சொல்ல, நான் அதைத் தமிழ் எழுத்தில் எழுதிக்கொண்டேன். இரண்டு தாள். ஒரு வார்த்தையும் விளங்காது. நெர்மின் வாசிக்கவைத்துப் பார்த்தார். “உணர்ச்சி போடாதையும், பிள்ளை. உணர்ச்சி என்ர வேலை. நீர் காய்கறிக்காரன் மாதிரிச் சொல்லும்.”

அந்த நாள் வந்தது. கிளைவ் நடைபாதையில் “ஐந்து நிமிடம்” என்றார். நான் பதில் சொல்லுமுன் என் பின்னாலிருந்து நெர்மின் ஹானிம் துருக்கியில் ஏதோ சொன்னார். கிளைவின் முகம் மலர்ந்தது. அத்தனை வருடத்தில் அவருக்கு உண்மையான நடிகை ஒருவர் பதில் சொன்னது அன்றைக்குத்தான்.

குழுவில் ஆறு பேர். தலைவி பழைய ஒப்பரா பாடகி. அவருக்குப் பக்கத்தில் முன்னாள் செய்தி வாசிப்பாளர் ஒருவர். குரலை விற்றுப் பிழைத்தவர், குரலில்லாதவர்களிடம் இரக்கம் காட்டமாட்டார். எல்லோரும் வெள்ளை நாடாவின்மேல் இருந்தார்கள். வெளியே மகன் ஜெம். மெல்பேர்ணிலிருந்து சாமான் ஏற்றும் வானை ஓட்டிக்கொண்டே வந்துவிட்டான். இல்லை என்று வந்தால் தாயையும் பெட்டிகளையும் அன்றைக்கே ஏற்றிக்கொண்டு போவதாக ஏற்பாடு.

படம் ஓடத் தொடங்கியது. நான் தொலைக்காட்சிக்குப் பக்கத்தில் நின்று முதல் வரியைக் காய்கறி விலை மாதிரிச் சொன்னேன். நெர்மின் ஹானிம் திரும்பச் சொன்னார்.

அந்தக் குரலை எப்படிச் சொல்ல? கரகரப்பு, அடியில் ஒரு சிரிப்பு. வேலைக்காரியின் குரல் இல்லை, வீட்டை வாங்கக்கூடிய ஒருத்தியின் குரல். திரையில் இளம் நெர்மின் கண்ணைத் துடைக்கிறாள், பக்கத்தில் முதிய நெர்மின் அவளுக்குப் பேசுகிறார். முதல் முறையாக அந்த உதடும் அந்தக் குரலும் ஒன்றாக இருந்தன. ஒப்பரா அம்மையார் கைக்குட்டையை எடுத்துவிட்டார்.

முதல் தாள் முடிந்தது. இரண்டாம் தாளை எடுக்கக் கையை நீட்டினேன். இல்லை. மேசையிலும் இல்லை, கோப்புக்குள்ளும் இல்லை. திரையில் உதடு அசைந்துகொண்டிருக்கிறது.

“ஐயோ கடவுளே, ரெண்டாம் பக்கத்தைக் காணேல்லையே” என்று என்னை அறியாமல் சொல்லிவிட்டேன்.

நெர்மின் ஹானிம் நெஞ்சில் கையை வைத்தார். கண் நிறைந்தது. “ஐயோ கடவுளே!” என்று அறை அதிரச் சொல்லி, பிறகு குரலை இறக்கி, கப்பல் போன திசையைப் பார்ப்பவர்போல, “ரெண்டாம் பக்கத்தைக் காணேல்லையே…” என்றார். சுத்தமான யாழ்ப்பாணத்துத் தமிழ்.

“இல்லை, இல்லை, இது இல்லை” என்றேன் பதறி.

“இல்லை! இல்லை! இது இல்லை!” மேசையில் ஒரு குத்து. குழு துள்ளியது. திரையிலும் சரியாக அந்த இடத்தில் வேலைக்காரி தலையை ஆட்டுகிறாள்.

“பொறுங்கோ, பொறுங்கோ. தேடுறன்.”

அவர் கண் தெரியாத நாயகியின் தோளைத் தொடுவதுபோல் வெறும் காற்றைத் தொட்டார். “பொறுங்கோ…” ஒரு மூச்சு. “பொறுங்கோ…” பிறகு, ஆயுள் முழுவதும் கடற்கரையில் காத்திருக்கப் போகிறவளின் குரலில், “தேடுறன்.”

காட்சி முடிந்தது. தாள் பிஸ்கட் தட்டுக்கு அடியில் இருந்ததை அப்போதுதான் கண்டேன்.

ஒப்பரா அம்மையார் தேம்பிக்கொண்டிருந்தார். செய்தி வாசிப்பாளர் தொண்டையைச் செருமிக்கொண்டு என் பக்கம் திரும்பினார். “கடைசியாக அவர் சொன்னது என்ன?”

“‘தேடுகிறேன்’ என்று அர்த்தம்” என்றேன். கேட்டதற்கு மட்டும் பதில் சொல்வது என்பது பரிசீலனை அலுவலரின் முதல் ஒழுக்கம்.

“அற்புதமான மொழி” என்றார் அவர்.

எல்லோரும் தேநீருக்கு எழுந்தபோது கிளைவ் என் அருகில் வந்து நின்றார்.

“எந்தத் தாள்?”

“இரண்டாவது.”

“எப்போதும் இரண்டாவதுதான்” என்றார்.

வாக்கெடுப்பு மூன்றுக்கு மூன்று. விதியை எடுத்து வீசியவர் செய்தி வாசிப்பாளர்தான். சொந்தக் குரலில் பேசினார் என்பது உண்மை, ஆனால் படத்தில் அல்ல, இங்கே பேசினார், ஆகவே பாத்திரமும் குரலும் ஒரே நேரத்தில் இருக்கவில்லை என்றார். கெட்டிக்காரத்தனமான வாதம். நானாக இருந்தாலும் அதைத்தான் சொல்லியிருப்பேன்.

சமமாகப் பிரிந்தால் விவகாரம் மெல்பேர்ணில் இருக்கும் தலைமை அறங்காவலர்களுக்குப் போக வேண்டும். அங்கேயும் எங்களுக்கு ஓர் இல்லம் உண்டு, அங்கே இருப்பவர்கள் சிட்னிக்காரர்களின் கேள்விகளை நல்ல நாள் பார்த்துத்தான் திறப்பார்கள். நடைபாதையில் ஜெம், “அன்ரி, இன்னும் எவ்வளவு நேரம்? வானைத் தெருவில விட்டிருக்கிறன்” என்று கேட்டான். நெர்மின் ஹானிம் மழைக்கோட்டின் பொத்தான்களை ஒவ்வொன்றாகப் போடத் தொடங்கினார். எல்லாப் பொத்தானையும் போட்டு முடித்ததும் என்னைப் பார்க்காமல் சொன்னார்: “பரவாயில்லை, பிள்ளை. மெல்பேர்ணிலயும் தட்டு இருக்கும்.”

அப்போதுதான் கிளைவ் நின்றபடியே விதிக்கோவையை விரித்து, யாருக்கும் இல்லாமல் சுவருக்கு வாசித்தார். பத்தொன்பதாம் விதி: “விவகாரம் தலைமைக்கு அனுப்பப்பட்டவிடத்து, பதில் கிடைக்கும்வரை விண்ணப்பதாரர் இல்லத்தின் விருந்தினர் அறையில் தங்கலாம்.” ‘பதில் கிடைக்கும்வரை’ என்பதை இரண்டு முறை வாசித்தார். பிறகு கோவையை மூடி என் கையில் தந்தார். சந்தேகம் வந்தால் திரும்பவும் படிக்கச் சொல்லித் தந்த அதே கை.

எனக்குச் சந்தேகம் வரவில்லை.

அன்று மாலை ஜெம் வானிலிருந்து பெட்டிகளை இறக்கி விருந்தினர் அறைக்குத் தூக்கினான். அன்றிலிருந்து நான் பதிலுக்காகக் காத்திருக்கத் தொடங்கினேன், பதில் வராதபடி. அலுவலகத்தில் பலரும் விதிகளை வேலையை முடிக்கப் பயன்படுத்துவார்கள். முடிக்காமல் வைத்திருக்கப் பயன்படுத்துவதுதான் மேல்நிலைப் பயிற்சி. மெல்பேர்ண் தலைமை, படத்தின் பிரதி ஒன்றைக் கேட்டது. வீடியோ கசற்றை அனுப்பினோம். அவர்களிடம் அதைப் போடும் கருவி இல்லை. கருவி இல்லாதபோது எந்த விதியின் கீழ் பிரதி கேட்டார்கள் என்று பணிவாக விசாரித்தோம். அதற்கு அவர்கள் சட்ட ஆலோசகரை அணுகினார்கள். சட்ட ஆலோசகர் ஓய்வுபெற்றார். புதியவருக்குப் பின்னணி தேவைப்பட்டது. பின்னணியை நான் எழுதினேன். மிக விரிவாக எழுதினேன். இஸ்தான்புல்லில் தாதிச் சட்டை தைத்ததிலிருந்து தொடங்கினேன்.

ஒருமுறை அக்காவைப் பார்க்க மெல்பேர்ணுக்குப் போனபோது அவள் என்னைக் கேரம் டவுன்ஸ் கோயிலுக்குக் கூட்டிப்போனாள். சிவனிடம் ஒரு முறை, விஷ்ணுவிடம் ஒரு முறை, பதில் வரக்கூடாது என்று வேண்டிக்கொண்டேன். “என்னடி இவ்வளவு நேரம் கும்பிடுறாய், பிள்ளைகளுக்கு ஏதும் பிரச்சினையோ?” என்று அக்கா கேட்டாள். “இல்லை, கந்தோர் விஷயம், ஒரு கோப்பு” என்றேன். அவள் விபூதியை என் நெற்றியில் இன்னும் கொஞ்சம் அள்ளிப் பூசினாள்.

இதற்குள் நெர்மின் ஹானிம் விருந்தினர் அறையில் வேரூன்றிவிட்டார். கிறிஸ்மஸ் நாடகங்களை இயக்கினார். எண்பது தாண்டிய நடிகர்களுக்கு வசனம் பாடம் வராததால் துருக்கி முறையைக் கொண்டுவந்தார். ஓரத்தில் நின்று அவர் காய்கறி விலை சொல்ல, மேடையில் எல்லோரும் உருகினார்கள். கிளைவ் ஓய்வுபெற்றதும், செயலாளருக்கென்று இருந்த தனி விதியின்படி, அதே இல்லத்துக்குக் குடிவந்தார். இது நாடகமே இல்லை என்று ஒவ்வொரு வருடமும் எதிர்ப்புத் தெரிவித்துவிட்டு, ஒவ்வொரு வருடமும் திரையைத் தூக்கினார். பண்டிகைக்கு வந்த ஜெம் முன்வரிசையில் இருந்து பார்த்துவிட்டு என்னிடம் சொன்னான்: “அன்ரி, அம்மா எங்கட வீட்டில இப்பிடிச் சத்தம் போட்டதே இல்லை.” அதன்பிறகு அவன் பதில் வந்துவிட்டதா என்று கேட்பதை நிறுத்திக்கொண்டான்.

திவ்யாவுக்கு இதையெல்லாம் எழுதி இந்த இடத்துக்கு வந்திருந்தேன். அப்போது அவள் மறுபடியும் அழைத்தாள்.

“ஆன்ட்டி, குட் நியூஸ்! அந்த ஃபைலை சிஸ்டமே மெல்பர்னுக்கு எஸ்கலேட் பண்ணிடுச்சு. ஒரே நாள்ல ரிப்ளை வந்துடுச்சு!”

“என்ன எழுதியிருக்கு?”

“ரெண்டு பாரா. நீங்களே வந்து அவங்களுக்குப் படிச்சுக் காட்டுங்க. ஆங்கிலம் படிக்க முடியாதவங்களுக்கு வாசிச்சுக் காட்டணும், அவங்க கேட்ட தேதிதான் பதில் கிடைச்ச தேதின்னு ரூல் இருக்காமே.”

இருக்கிறது. முப்பதாம் விதி. பிள்ளை விதிக்கோவையைப் படிக்கத் தொடங்கியிருக்கிறாள்.

லிட்கமுக்குப் போனேன். நெர்மின் ஹானிம் தோட்டத்து மர வாங்கில் அமர்ந்து வெயில் காய்ந்துகொண்டிருந்தார். பக்கத்தில் கிளைவ். திவ்யா தாளை என்னிடம் தந்தாள். வாசிக்குமுன் இரண்டு பத்தியையும் கண்ணால் ஓட்டினேன். முதல் பத்தி, அவரைத் திரைப்பட நடிகையாக அறக்கட்டளை ஏற்றுக்கொள்கிறது என்றது. இரண்டாம் பத்தி, குடும்பத்துக்கு அருகில் இருக்கும் வசதி கருதி மெல்பேர்ண் இல்லத்தில் நிரந்தர அறை ஒதுக்கியிருப்பதாகவும், லிட்கம் விருந்தினர் அறையைக் காலிசெய்யும்படியும் சொன்னது.

என் முகத்தை அவர் பார்த்துக்கொண்டிருந்தார். நெருங்கிய காட்சியில் மற்றவர் முகத்தைப் பார்த்தே ஐம்பது படம் நடித்தவர்.

முதல் பத்தியை வாசித்தேன். உணர்ச்சி போடாமல்தான் வாசிக்க நினைத்தேன், முடியவில்லை.

“திரும்ப வாசியும்” என்றார்.

திரும்பவும் வாசித்தேன். நடிகை என்ற சொல் வந்த இடத்தில் கண்ணை மூடிக்கொண்டார். கிளைவ் தொப்பியைக் கழற்றி மடியில் வைத்தார்.

“இன்னும் ஒரு பத்தி இருக்கு, நெர்மின் ஹானிம்” என்றேன்.

“நல்லதோ?”

நான் தாளைப் பார்த்தேன். அவர் தலையை ஆட்டினார். கையைத் தூக்கி ஒரு காதிலிருந்த கேட்கும் கருவியைக் கழற்றினார். பிறகு மற்றக் காதிலிருந்ததையும். இரண்டையும் கைப்பைக்குள் போட்டு, பையைப் பூட்டி, கிளைவிடம் கொடுத்துவிட்டு என்னைப் பார்த்துச் சிரித்தார்.

“இனி வாசியும், பிள்ளை.”

விதிப்படி வாசித்தேன், ஒரு சொல்லும் விடாமல். மைனாக்கள் கேட்டன. நெர்மின் ஹானிம் என் உதட்டைக் கவனமாகப் பார்த்துக்கொண்டிருந்து, முடிந்ததும் நன்றாக நடித்தீர் என்பதுபோலக் கையைத் தட்டினார்.

திவ்யா என்னை ஓரமாக இழுத்தாள். “ஆன்ட்டி, சிஸ்டத்துல ‘ரிசீவ்டு டேட்’னு ஒரு கட்டம் இருக்கு. காலியா விட்டா அது ஒத்துக்காது. என்ன போடட்டும்?”

“நடந்ததைப் போடும்” என்றேன். முதல் பத்தி கிடைத்தது, சித்திரை வருடப்பிறப்புக்கு அடுத்த செவ்வாய்க்கிழமை. இரண்டாம் பத்தி இன்னும் கிடைக்கவில்லை.